அரிசி சுமந்த நீர்மூழ்கிகள்

நேதாஜியைப் பற்றி எழுதுகிற எல்லாருமே அந்தக் கட்டத்தைக் கொஞ்சம் ரசித்துத்தான் எழுதுவார்கள். 1943 பிப்ரவரியில் ஜெர்மனியின் கீல் துறைமுகத்தில் யு-180 என்ற நீர்மூழ்கியில் ஏறுகிறார். கூடவே ஆபித் ஹசன். அட்லாண்டிக்கில் இறங்கி, நன்னம்பிக்கை முனையைச் சுற்றி வந்தால், மடகாஸ்கருக்குத் தென்கிழக்கே ஏப்ரல் கடைசியில் ஒரு ஜப்பானிய நீர்மூழ்கி காத்திருக்கிறது. கடல் கொந்தளிப்பாக இருக்கிறது. ரப்பர் படகில் தொப்பலாக நனைந்தபடி இந்தக் கப்பலிலிருந்து அந்தக் கப்பலுக்கு மாறுகிறார்கள். மே மாதம் சுமத்ராவின் வடகோடியை ஒட்டிய சபாங்கில் கரை இறங்குகிறார். அப்புறம் டோக்கியோ, சிங்கப்பூர், ஐ.என்.ஏ. என்று கதை வேறு பக்கம் போய்விடுகிறது.

அந்த நீர்மூழ்கி அப்புறம் என்ன ஆச்சு? இந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனதில்தான் இந்தக் கட்டுரை வந்தது. நேதாஜி இதில் இனி ஒரே ஒரு இடத்தில்தான் தலைகாட்டுவார். மற்றபடி இது ஜப்பானியக் கடற்படையின் கதை. உலகத்திலேயே மிகச் சிறந்த டார்பிடோவைக் கையில் வைத்துக்கொண்டு, அதை இறக்கி வைத்துவிட்டு அரிசி மூட்டை ஏற்றிய கடற்படை அது.

முதலில் பெயர் விவகாரம். அந்த நீர்மூழ்கி ஐ-29. நாம் ஆங்கிலம் வழியாகப் படிப்பதால் ‘ஐ’ என்கிறோம். ஜப்பானியர் சொல்வது ‘இ’. இ, ரோ, ஹ என்று போகிறது அவர்களுடைய பழைய எழுத்து வரிசை. பெரிய நீர்மூழ்கிகளுக்கு இ, நடுத்தரத்துக்கு ரோ, சின்னதற்கு ஹ. நாம் முதல் வகுப்பு, இரண்டாம் வகுப்பு என்று பிரிப்பது மாதிரி. புத்தகங்களில் ஐ என்றே பழகிவிட்டதால் நானும் அப்படியே எழுதுகிறேன்.

ஐ-29 சேர்ந்த வகைக்கு பி-1 என்று பெயர். மொத்தம் 20 கட்டினார்கள். நீளம் 108 மீட்டருக்கு மேல். ஒரு தடவை எண்ணெய் நிரப்பினால் 14,000 கடல் மைல் போகும். அதாவது பசிபிக்கைக் கடந்து அமெரிக்கக் கரையைப் பார்த்துவிட்டு வீடு திரும்பலாம். மேல்தளத்தில் ஒரு கொட்டகை, அதற்குள் இறக்கையை மடித்து வைத்த சின்னக் கடல்விமானம். நீர்மூழ்கிக்குள் விமானம்! 1942 செப்டம்பரில் ஐ-25லிருந்து அப்படிக் கிளம்பிய ஃபுஜிதா நொபுவோ என்ற விமானி, அமெரிக்காவின் ஒரிகான் மாநிலக் காட்டில் தீக்குண்டு போட்டார். காடு ஈரமாக இருந்ததால் தீ பரவவில்லை. இருபது வருஷம் கழித்து, 1962ல், அதே ஊர்க்காரர்கள் அவரை விருந்தினராக அழைத்தார்கள். பரம்பரை வாளைக் கொண்டுபோய் ஊருக்குக் கொடுத்துவிட்டு வந்தார். தனிக் கட்டுரைக்கான விஷயம், இன்னொரு நாள் பார்ப்போம்.

அவர்களுடைய டார்பிடோதான் உண்மையான அதிசயம். டைப் 95 என்பது அதன் பெயர். சாதாரண டார்பிடோ அழுத்திய காற்றை எரித்து ஓடும். காற்றில் ஐந்தில் நான்கு பங்கு நைட்ரஜன், எரிய உதவாது. கூடவே வெளியேறும்போது தண்ணீரில் வெள்ளையாகக் குமிழிக் கோடு போட்டுக் காட்டிக்கொடுக்கும். ஜப்பானியர் சுத்தமான ஆக்சிஜனையே போட்டார்கள். வேகமும் தூரமும் கூடியது, தடம் கிட்டத்தட்ட மறைந்தது. தலையில் 405 கிலோ வெடிமருந்து. அதே சமயத்தில் அமெரிக்கர்களின் மார்க் 14 டார்பிடோ இலக்குக்கு அடியிலேயே போய்விடும், இல்லையென்றால் இடித்தும் வெடிக்காது. அதைச் சரிசெய்து முடிக்க அவர்களுக்கு 1943 இலையுதிர் காலம் ஆயிற்று. போர் தொடங்கியபோது கருவியை மட்டும் வைத்துப் பார்த்தால் ஜப்பானியர் கைதான் ஓங்கியிருந்தது.

முடிவில் கணக்கு எப்படி வந்தது என்று பாருங்கள். அமெரிக்க நீர்மூழ்கிகள் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஜப்பானிய வணிகக் கப்பல்களை மூழ்கடித்தன. எடைக் கணக்கில் 48 லட்சம் டன் அளவுக்கு. இழந்தது 52 நீர்மூழ்கிகள். ஜப்பானிய நீர்மூழ்கிகள் மூழ்கடித்த வணிகக் கப்பல்கள் இருநூறைத் தொடவில்லை, சுமார் 9 லட்சம் டன். இழந்தது ஏறக்குறைய 130, இருந்ததில் பெரும்பகுதி.

ஏன் இப்படி? ஜப்பானிய மாலுமிக்கு சாமுராய் மனசு, சரக்குக் கப்பலை அடிப்பதை இழுக்காக நினைத்தான் என்று ஒரு விளக்கம் அடிக்கடி கண்ணில் படும். எனக்கு அது சோம்பேறித்தனமான பதிலாகத் தெரிகிறது. காரணத்தை 1922 வாஷிங்டன் ஒப்பந்தத்தில் தேட வேண்டும். அமெரிக்காவுக்கு 5, பிரிட்டனுக்கு 5, ஜப்பானுக்கு 3 என்று பெரிய போர்க்கப்பல்களுக்கு விகிதம் போட்டார்கள். ஐந்துக்கு மூன்றை வைத்துக்கொண்டு எப்படி ஜெயிப்பது? அமெரிக்கக் கப்பற்படை பசிபிக்கைக் கடந்து வந்து சேர்வதற்குள் வழியிலேயே அதைக் கொஞ்சம் கொஞ்சமாக அரிக்க வேண்டும். ஐந்து மூன்றாகக் குறைந்த பிறகு ஜப்பான் பக்கத்தில் ஒரே ஒரு தீர்மானமான கடற்போர். இருபது வருஷம் ஜப்பானியக் கடற்படை மனப்பாடம் செய்த பாடம் இதுதான். அரிக்கிற வேலைக்கு நீர்மூழ்கி. அதனால்தான் அது பெரிதாக, வேகமாக, தூரம் போவதாகக் கட்டப்பட்டது. அதனால்தான் அது மூழ்க நேரம் எடுத்துக்கொண்டது, சத்தம் போட்டது, எதிரியின் சோனாரில் பளிச்சென்று தெரிந்தது. சாதாரண சரக்குக் கப்பலுக்கு ஒரு டார்பிடோவுக்கு மேல் செலவழிக்க வேண்டாம் என்று உத்தரவே இருந்தது. முழு வீச்சும் பெரிய போர்க்கப்பலுக்குத்தான்.

பேர்ல் ஹார்பரில் முதல் சோதனை. இருபதுக்கும் மேற்பட்ட நீர்மூழ்கிகள் ஹவாயைச் சுற்றி நின்றன. தப்பித்து ஓடி வரும் போர்க்கப்பல்களை வெளியே வைத்து அடிப்பது திட்டம். ஒரு போர்க்கப்பல்கூட அவற்றிடம் சிக்கவில்லை. ஐ-70 மட்டும் டிசம்பர் 10 அன்று விமானக் குண்டுக்கு இரையானது.

இதைப் படித்துவிட்டு அவர்களுக்குப் போர்க்கப்பலை அடிக்கவே தெரியாது என்று நினைத்துவிடக் கூடாது. மிட்வேயில் ஜப்பானின் நான்கு விமானந்தாங்கிகள் போன பிறகு, அடிபட்டு மெதுவாக இழுத்துச் செல்லப்பட்ட யார்க்டவுனைத் தேடிப் போய் முடித்தது ஐ-168. தளபதி தனாபே யஹாச்சி. பெயரை நினைவில் வையுங்கள். அப்புறம் 1942 ஆகஸ்ட் 31, ஐ-26 விட்ட டார்பிடோ சரடோகாவைப் பழுதுபார்க்க ஊருக்கு அனுப்பியது.

செப்டம்பர் 15 அன்று நடந்தது அதற்கெல்லாம் மேலே. சாலமன் தீவுகளுக்குத் தெற்கே, குவாடல்கனாலுக்குத் துருப்புகளைக் கொண்டுபோகும் அணிக்குக் காவலாக வாஸ்ப் என்ற விமானந்தாங்கி வந்துகொண்டிருந்தது. ஐ-19ன் தளபதி கினாஷி தகாகசு ஆறு டார்பிடோக்களை ஒரே வீச்சில் விட்டார். மூன்று வாஸ்ப்பில் பாய்ந்தன. பெட்ரோல் குழாய்களும் குண்டுகளும் பற்றிக்கொண்டன, அன்று மாலையே கப்பலைக் கைவிட்டுவிட்டார்கள். இலக்கைத் தவறவிட்டவை நிற்கவில்லை. கிலோமீட்டர் கணக்கில் ஓடிப்போய், அடுத்த அணியில் வந்துகொண்டிருந்த நார்த் கரோலினா என்ற பெரும் போர்க்கப்பலில் ஒன்றும், ஓபிரையன் என்ற நாசகாரிக் கப்பலில் ஒன்றும் இடித்தன. ஓபிரையன் ஊர் திரும்பும் வழியில் அக்டோபரில் இரண்டாக உடைந்து மூழ்கியது. ஒரு வீச்சில் மூன்று கப்பல். தலைக்கு மேல் ஆழ்கடல் குண்டுகள் விழ, கீழே பதுங்கியிருந்த கினாஷிக்கு மற்ற இரண்டு கப்பல்களின் கதை தெரியவே தெரியாது. அது பக்கத்திலிருந்த ஐ-15ன் வேலை என்றுதான் ரொம்ப காலம் நம்பிக்கொண்டிருந்தார்கள்.

அன்றைக்குப் பசிபிக்கில் அமெரிக்காவிடம் போருக்குத் தயாராக இருந்த விமானந்தாங்கி ஹார்னெட் ஒன்றே ஒன்று. குவாடல்கனாலில் இறங்கியிருந்த அமெரிக்க மரைன்களுக்குச் சோறும் குண்டும் வருவதெல்லாம் ஆயிரக்கணக்கான மைல் கடல்வழியே, சரக்குக் கப்பலில்தான். அந்தக் கயிற்றை அறுக்கும் கத்தி ஜப்பானியர் கையில் இருந்தது. இரண்டே மாதத்தில் அந்தக் கத்தியை மூட்டை தூக்க அனுப்பினார்கள்.

நிலைமை அப்படி. குவாடல்கனாலில் விமானத்தளம் அமெரிக்கர் கையில். பகலில் எந்த ஜப்பானியக் கப்பலும் நெருங்க முடியாது. நவம்பர் நடுவில் 11 சரக்குக் கப்பல்களில் துருப்புகளையும் உணவையும் ஏற்றி அனுப்பிப் பார்த்தார்கள். பெரும்பாலானவை வழியிலேயே போயின. மிச்சம் நான்கு கரையில் முட்டி நின்று, விடிந்ததும் அங்கேயே எரிந்தன. தீவில் இருந்த ஆயிரக்கணக்கான ஜப்பானிய வீரர்களுக்குச் சோறு இல்லை. ஜப்பானிய மொழியில் குவாடல்கனாலைச் சுருக்கி ‘கா-தோ’ என்பார்கள், கா தீவு. பசியைக் குறிக்கும் எழுத்துக்கும் ‘கா’ என்றே உச்சரிப்பு. எழுத்தை மாற்றிப் போட்டு ‘பசித்தீவு’ ஆக்கிவிட்டார்கள் அங்கிருந்த வீரர்கள். அந்தத் தீவில் இறந்த இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட ஜப்பானியர்களில் குண்டடி பட்டவர்களைவிடப் பசியிலும் நோயிலும் போனவர்கள்தான் அதிகம்.

இந்த இடத்தில் நீர்மூழ்கிக் கடற்படையான ஆறாம் கப்பற்படையின் தலைவர் கொமட்சு தெருஹிசா, இனி சப்ளை வேலைக்கு நீர்மூழ்கிதான் என்று அறிவித்தார். நீர்மூழ்கித் தளபதிகள் எதிர்த்தார்கள். எதிர்ப்பு எடுபடவில்லை. கரையில் இருப்பவன் செத்துக்கொண்டிருக்கும்போது ‘எங்களைக் கப்பல் வேட்டைக்கு விடுங்கள்’ என்று ஒரு கடற்படை அதிகாரி எவ்வளவு நேரம் வாதாட முடியும்? அந்த உத்தரவை முட்டாள்தனம் என்று ஒரே வார்த்தையில் ஒதுக்க எனக்கு மனசு வரவில்லை. ஆனால் கணக்கு ஒன்று இருக்கிறதே.

டார்பிடோக்களையும், சில கப்பல்களில் பீரங்கியையும் கழற்றி இடம் பண்ணிக்கொண்டால் ஒரு நீர்மூழ்கி 20, 30 டன் ஏற்றும். நம் நெடுஞ்சாலையில் போகிற பன்னிரண்டு சக்கர லாரி ஒன்றின் சுமை. ஒரு ஆளுக்கு நாளைக்கு அரைக்கிலோ அரிசி என்று வைத்தால், 20,000 பேருக்கு ஒரு நாளைக்கு 10 டன். ஆக ஒரு நீர்மூழ்கி உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு போய் இறக்குவது இரண்டு மூன்று நாள் சாப்பாடு. அதுவும் அரிசி மட்டும்தான் ஏற்றினால். மருந்து, குண்டு, எண்ணெய் எதுவும் கிடையாது.

வேலை நடக்கும் விதமும் கொடுமை. பகல் முழுக்கத் தண்ணீருக்கடியில் ஊர்ந்து, இருட்டியதும் தீவின் வடமேற்கு முனையில் கமிம்போ விரிகுடாவில் மேலே வர வேண்டும். கரையிலிருந்து படகுகள் வரும். ரப்பர் பையிலும் டிரம்மிலும் அடைத்த மூட்டைகளைக் கை மாற்றிக் கை மாற்றி இறக்க வேண்டும். நூறு மீட்டர் நீளக் கப்பல், ஆழமில்லாத தண்ணீரில், கதவெல்லாம் திறந்தபடி நிற்கும். மாலுமிகள் இதற்கு வைத்த பெயர் ‘மோகுரா’. மண்ணுக்கடியில் வளை தோண்டுகிற அகழெலி.

அமெரிக்கர்கள் ரகசியச் செய்திகளை உடைத்துப் படித்துக்கொண்டிருந்தார்கள். மோட்டார் டார்பிடோப் படகுகள் காத்திருந்தன. 1942 டிசம்பர் 9 அன்று கமிம்போவில் பிடி-59 என்ற படகு ஐ-3ஐ மூழ்கடித்தது. பின்னால் இதே பிடி-59க்குத் தளபதியாக வந்த இளைஞர் ஒருவரை நமக்குத் தெரியும், ஜான் எஃப். கென்னடி.

1943 ஜனவரி 29 இரவு ஐ-1ன் முறை. எதிரே வந்தவை இரண்டு குட்டிக் கப்பல்கள், நியூசிலாந்தின் கிவியும் மோவாவும். கிவி, ஐ-1ன் எடையில் மூன்றில் ஒரு பங்குகூட இராது. ஆனாலும் அதன் தளபதி கார்டன் பிரிட்சன் நேரே கொண்டுபோய் மோதினார். ஒரு தடவை இல்லை, மூன்று தடவை. கிவியின் மேல்தளத்துக்குத் தாவி ஏற ஒரு ஜப்பானிய அதிகாரி வாளோடு முயன்றார். 1943ல், நீர்மூழ்கிச் சண்டையில், வாள்! கடைசியில் ஐ-1 பாறைத்திட்டில் ஏறி நின்றது. கரைக்கு நீந்திய மாலுமிகள் சில சங்கேதப் புத்தகங்களைக் கொண்டுபோய் மணலில் புதைத்தார்கள். மிச்சம் கப்பலிலேயே இருந்தது. அப்புறம் ஜப்பானியரே ஆளனுப்பி வெடி வைத்துப் பார்த்தார்கள், விமானத்தில் வந்து குண்டு போட்டுப் பார்த்தார்கள். பலன் இல்லை. ஆவணங்கள் அமெரிக்கர் கைக்குப் போய்ச் சேர்ந்தன. அரிசி இறக்கப் போன இடத்தில் சங்கேதமும் இறங்கிவிட்டது.

குவாடல்கனாலைக் கைவிட்ட பிறகும் இந்த வேலை நிற்கவில்லை. நியூகினியில் லே, பூகன்வில்லில் புயின் என்று துண்டிக்கப்பட்ட படைகள் கூடிக்கொண்டே போயின. 1943 மார்ச்சில் லேயில் சரக்கு இறக்கிக்கொண்டிருந்த ஐ-176ஐ அமெரிக்க பி-25 விமானங்கள் பிடித்தன. தளபதிக்குப் பலத்த காயம். யார் அவர்? தனாபே யஹாச்சி. யார்க்டவுனை மூழ்கடித்த அதே மனிதர். சண்டைக்கு அவர் திரும்பி வரவில்லை.

ஒரு சின்னச் சிரிப்பும் உண்டு, கசப்பான சிரிப்பு. கடற்படையின் நீர்மூழ்கிகள் போதவில்லை, கேட்டால் முகம் சுளிக்கிறார்கள் என்று ஜப்பானியத் தரைப்படை தானே நீர்மூழ்கி கட்ட ஆரம்பித்துவிட்டது. தரைப்படை! கப்பல் கட்டும் தளமெல்லாம் கடற்படையின் பிடியில் இருந்ததால் ரயில் இன்ஜின் செய்கிற தொழிற்சாலையில் கட்டினார்கள். டாங்கி ஓட்டியவர்களை எடுத்து மாலுமி ஆக்கினார்கள். மூன்று டஜனுக்கு மேல் கட்டிவிட்டார்கள். ஒரே நாட்டின் இரண்டு படைகள் பேசிக்கொள்ளாமல் ஆளுக்கொரு நீர்மூழ்கிப் படை வைத்திருந்தது வேறெங்கும் நடந்ததாகத் தெரியவில்லை. லெய்தே தீவின் ஓர்மோக் பக்கம் அவற்றில் ஒன்று 1944 நவம்பரில் அமெரிக்க நாசகாரிகளிடம் சிக்கி மூழ்கியது.

வேறு வழி இருந்ததா என்று கேட்டால், நம்முடைய இந்துமாக்கடல்தான் அதற்கு விடை. 1942 ஜூன், ஜூலையில் ஒரு சில ஜப்பானிய நீர்மூழ்கிகள் ஆப்பிரிக்காவுக்கும் மடகாஸ்கருக்கும் நடுவே மொசாம்பிக் கால்வாயில் திரிந்து, ஏறக்குறைய 20 வணிகக் கப்பல்களை மூழ்கடித்தன. எகிப்தில் ரோமெலை எதிர்த்து நின்ற பிரிட்டிஷ் படைக்குச் சரக்கு போகிற பாதை அது. விட்டிருந்தால் என்ன ஆகியிருக்குமோ. கூப்பிட்டுக்கொண்டார்கள்.

அப்புறமும் இந்துமாக்கடலில் ஜப்பானிய நீர்மூழ்கிகளுக்குப் பினாங்கு தளமாக இருந்தது. நம் கதையோடு ஒட்டுகிற இடம் அது. நேதாஜி வருவதற்கு முன்பே, 1942 செப்டம்பரில், பினாங்கில் பயிற்சி பெற்ற இந்திய இளைஞர் சிலரை ஒரு நீர்மூழ்கி மலபார் கரையில் தானூர் அருகே இறக்கிவிட்டது. உடனே பிடிபட்டார்கள். அதில் வக்கம் காதர் உள்ளிட்டவர்களை ஏறக்குறைய ஒரு வருஷம் கழித்து, 1943 செப்டம்பர் 10 அன்று, சென்னை மத்தியச் சிறையில் தூக்கிலிட்டார்கள். நேதாஜியை அழைத்து வரப் போன ஐ-29ம் இந்தப் பினாங்கிலிருந்து புறப்பட்டதுதான்.

வீரக் கதையாக மட்டும் இதை எழுதிவிட முடியாது. 1944 பிப்ரவரி 12 அன்று மொம்பாசாவிலிருந்து கொழும்புக்கு வந்துகொண்டிருந்த கெடிவ் இஸ்மாயில் என்ற துருப்புக் கப்பலை மாலத்தீவு அருகே ஐ-27 அடித்தது. கிழக்கு ஆப்பிரிக்க வீரர்கள், செவிலியர்கள் என்று 1,297 பேர் இறந்தார்கள். கப்பல் மூழ்க இரண்டு நிமிஷம்கூட ஆகவில்லை. ஐ-27 நீந்திக்கொண்டிருந்தவர்களுக்கு நேர் கீழே பதுங்கியது. காவலுக்கு வந்த பிரிட்டிஷ் நாசகாரி, தண்ணீரில் உயிரோடு இருந்த தன் ஆட்களுக்கு நடுவிலேயே ஆழ்கடல் குண்டைப் போட்டது. நீர்மூழ்கியும் தப்பவில்லை.

அதே ஆண்டு மார்ச்சில் மெல்பர்னிலிருந்து கொழும்புக்கு வந்த ட்ஜிசலாக் என்ற டச்சுக் கப்பல், ஜூலையில் அமெரிக்காவின் ஜீன் நிக்கலட். இரண்டையும் மூழ்கடித்தது ஐ-8. தளபதி அரிஇசுமி தத்சுனோசுகே. தப்பிப் படகில் ஏறியவர்களைத் தன் நீர்மூழ்கியின் மேல்தளத்துக்கு வரவழைத்து, வாளாலும் துப்பாக்கியாலும் சுத்தியலாலும் கொன்றார்கள். ட்ஜிசலாக்கில் இருந்த நூற்றுக்கும் மேற்பட்டவர்களில் பிழைத்தவர் ஐந்தே பேர். சரக்குக் கப்பலை அடிக்க சாமுராய் மனசு இடம் கொடுக்கவில்லை என்று எழுதுகிறவர்கள் இந்தப் பக்கத்தையும் புரட்டிப் பார்க்க வேண்டும். 1945 ஆகஸ்ட் கடைசியில், சரணடைந்த நீர்மூழ்கி துறைமுகம் சேர்வதற்கு முன் அரிஇசுமி தன்னைத்தானே சுட்டுக்கொண்டார். அவர் அப்போது இருந்தது ஐ-401ல். மூன்று விமானம் வைக்கக்கூடிய 122 மீட்டர் ராட்சதன். பனாமா கால்வாயை உடைக்கக் கட்டினார்கள். ஒரு குண்டுகூடப் போடாமல் போர் முடிந்தது.

அரிசிக் கதைக்குத் திரும்புவோம். 1944 மே மாதம். புயினில் பட்டினி கிடக்கும் வீரர்களுக்கு அரிசி ஏற்றிக்கொண்டு ஐ-16 புறப்பட்டது. போகும் வழியும் நேரமும் வானொலியில் போயின, அமெரிக்கர்கள் அதைப் படித்தார்கள். இங்கிலாண்ட் என்ற புதிய காவல் கப்பல் மே 19 அன்று ஹெட்ஜ்ஹாக் என்ற, முன்பக்கம் குண்டுகளை வீசும் ஆயுதத்தால் அதை முடித்தது. சிறிது நேரத்தில் மேலே மிதந்து வந்தவற்றில் ரப்பர் உறைக்குள் கட்டிய அரிசி மூட்டையும் இருந்தது. இங்கிலாண்ட் அங்கேயே நிற்கவில்லை. பக்கத்தில் ஆர்ஓ வகை நீர்மூழ்கிகள் வரிசையாகக் காவல் நின்றன, அமெரிக்கக் கப்பற்படை எந்தப் பக்கம் வருகிறது என்று பார்ப்பதற்காக. அந்த வரிசையின் இடமும் தெரிந்துவிட்டது. மே 31க்குள் இன்னும் ஐந்து. பன்னிரண்டு நாளில் ஒரே கப்பல் ஆறு நீர்மூழ்கிகளை அழித்தது. அந்தச் சாதனையை இதுவரை யாரும் முறியடிக்கவில்லை.

சரி, ஐ-29.

நேதாஜியை இறக்கிவிட்ட பிறகு 1943 கடைசியில் அதற்குப் புதிய தளபதி வந்தார். கினாஷி தகாகசு. வாஸ்ப்பை மூழ்கடித்த கினாஷிதான். அவருக்கும் சுமை தூக்கும் வேலையே வந்தது, ஆனால் இது வேறு மாதிரி சுமை. ஜப்பானுக்கும் ஜெர்மனிக்கும் நடுவில் தரைவழியும் இல்லை, மேற்பரப்புக் கப்பலும் போக முடியாது. ரப்பர், டங்ஸ்டன், வெள்ளீயம், குயினைன் போன்றவற்றை நீர்மூழ்கியில் ஏற்றி ஐரோப்பாவுக்குப் போய், அங்கிருந்து இயந்திரங்களும் வரைபடங்களும் கொண்டு வர வேண்டும். மொத்தம் ஐந்து பேர் புறப்பட்டார்கள். ஐ-30 பிரான்ஸ் போய்த் திரும்பி, சிங்கப்பூர் வாசலில் கண்ணிவெடியில் மாட்டியது. ஐ-34 பினாங்கைத் தொடுவதற்குள் பிரிட்டிஷ் நீர்மூழ்கி டாரஸிடம் போனது. இரண்டு டன் தங்கத்தோடு போன ஐ-52 அட்லாண்டிக்கில் அடிபட்டு, ஐந்து கிலோமீட்டர் ஆழத்தில் கிடப்பதை 1995ல்தான் கண்டுபிடித்தார்கள். முழுதாகப் போய் முழுதாக ஊர் திரும்பியது ஐ-8 ஒன்றுதான், அரிஇசுமி கைக்கு வருவதற்கு முன்னால்.

கினாஷி 1944 மார்ச்சில் பிரான்சின் லோரியான் துறைமுகத்தைச் சேர்ந்தார். ஏப்ரலில் கிளம்பி, அட்லாண்டிக்கையும் இந்துமாக்கடலையும் தாண்டி, ஜூலை 14 அன்று சிங்கப்பூர் வந்துவிட்டார். உள்ளே ஜெர்மனியின் மீ-163 ராக்கெட் விமானம், மீ-262 ஜெட் விமானம் ஆகியவற்றின் வரைபடங்களும் பொருள்களும். உடன் வந்த பொறியியல் அதிகாரி இவாயா எய்ச்சி பொறுமை இல்லாமல், கைக்குக் கிடைத்த ஒரு பகுதி ஆவணங்களோடு சிங்கப்பூரில் இறங்கி விமானத்தில் டோக்கியோ போய்விட்டார். மிச்சமெல்லாம் கப்பலிலேயே இருந்தது. இன்னும் சில நாள் பயணம்தான்.

ஐ-29 சிங்கப்பூரை விட்டுக் கிளம்பியதும் வழக்கம்போல வானொலிச் செய்தி போனது. வழக்கம்போல அமெரிக்கர்கள் அதைப் படித்தார்கள். பிலிப்பைன்ஸுக்கு வடக்கே பலிந்தாங் கால்வாயில் மூன்று அமெரிக்க நீர்மூழ்கிகள் காத்திருந்தன. ஜூலை 26 மாலை, ஐ-29 மேற்பரப்பில் வந்துகொண்டிருந்தபோது சாஃபிஷ் நான்கு டார்பிடோ விட்டது. இப்போது அமெரிக்க டார்பிடோக்கள் ஒழுங்காக வெடித்தன. நூறு பேருக்கு மேல் இருந்த கப்பலில் உயிரோடு கரை சேர்ந்தவர் ஒருவர். கினாஷிக்கு இறந்த பிறகு இரண்டு படி பதவி உயர்வு கொடுத்தார்கள்.

இவாயா கையில் கொண்டுபோன கொஞ்சத் தாள்களை வைத்து ஜப்பானியப் பொறியாளர்கள் ஒரு ராக்கெட் விமானமும் ஒரு ஜெட் விமானமும் செய்து பார்த்தார்கள். ராக்கெட் விமானம் 1945 ஜூலை 7 அன்று முதல் பறத்தலிலேயே விழுந்து விமானி இறந்தார். ஜெட் விமானம் ஆகஸ்ட் 7 அன்று, ஹிரோஷிமாவுக்கு மறுநாள், கிசராசு தளத்திலிருந்து எழும்பிச் சுமார் பத்துப் பன்னிரண்டு நிமிஷம் பறந்து இறங்கியது.